என் எட்டுச் செலவு

சவப்பெட்டிக்குள் படுத்திருப்பது சுகமான வேலை. இதைச் சொன்னால் எங்கள் ஆட்கள் காதைப் பொத்திக்கொள்வார்கள். ஆனால் உண்மையை மறைத்து எனக்கு இனி ஆகப்போவது என்ன? உள்ளே வெள்ளைப் பட்டுத் துணி விரித்திருக்கும். கமெராவுக்குத் தெரியாமல் தலைக்குக் கீழே ஒரு சின்னத் தலையணை வைத்துவிடுவார்கள். விளக்குகளின் சூடு முகத்தில் விழும்போது மூடிய இமைகளுக்குள் செம்மஞ்சளாக ஒரு வெளிச்சம் மெல்ல அசையும். வெளியே ஆட்கள் தாழ்ந்த குரலில் கதைப்பார்கள். ஒருவர் கோப்பி குடிப்பார், இன்னொருவர் நமக்காக அழுது பழகிக்கொண்டிருப்பார். நமக்கு ஒரு பொறுப்பும் இல்லை. மூச்சை நெஞ்சால் விடாமல் அடிவயிற்றால் விடவேண்டும், அவ்வளவுதான்.

ஜேர்மன் தொலைக்காட்சியில் நான் பதினொரு தடவை செத்திருக்கிறேன். சுடுபட்டு நான்கு முறை, நஞ்சு குடித்து இரண்டு முறை, ஆற்றில் மிதந்து ஒரு முறை. மற்றவை எல்லாம் கதை தொடங்கும் முன்பே நடந்துவிட்ட சாவுகள். பொலிஸ்காரர் கதவைத் திறந்தால் நான் தரையில் கிடப்பேன். என்னைச் சுற்றிச் சோக்கட்டியால் கோடு கீறுவார்கள், நான் சம்பளத்தை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போவேன்.

துணை நடிகன் என்று யாராவது சொன்னால் எனக்குப் பத்திக்கொண்டு வரும். நான் குணசித்திர நடிகன். கதாநாயகன் மழையில் நனைந்து ஓடினால், அவனை ஏற்றுகிற டாக்சிக்காரன் நான். உணவகத்தில் காதலர்கள் சண்டை பிடித்தால், அந்த நேரம் பார்த்து ரோசாப்பூ விற்க வருகிறவன் நான். துருக்கியனாக நடித்தேன், பாரசீகனாக நடித்தேன், மொரோக்கோக்காரனாக, ஒருமுறை பெரு நாட்டுப் பாதிரியாராகக்கூட நடித்தேன். யாழ்ப்பாணத்துச் சண்டிலிப்பாயில் பிறந்த ஒருவனாக நடிக்க மட்டும் ஒருவரும் என்னைக் கூப்பிடவில்லை. சில காலைகளில் எழும்பிக் கண்ணாடியில் முகத்தைப் பார்த்தால், இன்றைக்கு நான் எந்த ஊர்க்காரன் என்று யோசிக்கவேண்டி இருக்கும்.

தொடக்கம் பெரிய கதை ஒன்றும் இல்லை. ஊரைவிட்டு ஓடிவந்த எல்லோரையும்போல நானும் கொலோன் நகரத்தில் ஒரு உணவகத்தின் பின்பக்கத்தில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன். சிகரெட் பிடிக்கப் பின்கதவால் வெளியே வந்த ஒரு பெண் என்னைக் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தாள். “உங்களால் பயந்த முகம் காட்ட முடியுமா?” என்று கேட்டாள். விசா இல்லாதவனிடம் கேட்கிற கேள்வியா அது? காட்டினேன். அடுத்த வாரம் ஒரு துப்பறியும் நாடகத்தில், தங்குவிடுதி ஒன்றின் வேலையாளாக நின்று, “அந்த அறை காலி” என்று ஒரு வசனம் சொன்னேன். அந்தப் பெண்தான் அன்றிலிருந்து இன்றுவரை எனக்கு வேலை பிடித்துத் தருகிற முகவர்.

பிறகு வேலைகள் வந்தன. கடைசிப் பதினான்கு வருடம் ஒரே தொடரில் இருந்தேன். ஒரு துறைமுகச் சிற்றூரைப் பற்றிய வாராந்தத் தொடர். அதில் நான் மருந்துக்கடைக்காரர். வெள்ளை மேலங்கி, மூக்குக்கண்ணாடி, எல்லோருக்கும் ஒரு சிரிப்பு. ரயிலில் என்னைக் காண்கிறவர்களுக்கு முகம் தெரியும், பெயர் தெரியாது. “நீங்கள் எங்கள் பக்கத்து மருந்துக்கடையில் இருந்தவர்தானே?” என்பார்கள். ஓம் என்றுவிடுவேன். சிலர் அந்த இடத்திலேயே முழங்கால் நோவுக்கு என்ன பூசலாம் என்று கேட்பார்கள். அதற்கும் ஏதாவது சொல்லுவேன். யாரோ ஒருவருடைய கனவுக்குள் நான் வேலை செய்வதாகத்தான் அந்த வருடங்களெல்லாம் எனக்குப் பட்டன.

இனி அண்ணையைப் பற்றிச் சொல்லவேண்டும். எனக்கு ஒரேயொரு அண்ணை. சண்டிலிப்பாயில் எங்கள் பழைய வீட்டிலேயே இருந்து புகையிலையும் வெங்காயமும் செய்கிறார். அவர் என்னோடு கதைத்து இருபது வருடத்துக்கு மேல். கோபத்துக்குக் காரணம் உண்டு. காரணம் நான்தான்.

எங்கள் வழக்கத்தில் தகப்பனுக்கு மூத்த மகன் கொள்ளி வைப்பான், தாய்க்கு இளைய மகன். அப்பாவுக்கு அண்ணை வைத்தார். அம்மா மோசம்போனபோது என் கையில் நல்ல கடவுச்சீட்டு இருந்தது. பாதையும் திறந்திருந்தது, விமானமும் ஓடியது. ஆனால் அந்த வாரம்தான் முதன்முதலாக எனக்குப் பெயர் உள்ள ஒரு பாத்திரம் கிடைத்திருந்தது. அதுவரைக்கும் என் பாத்திரங்களுக்கு ‘சமையல்காரன்’, ‘சாட்சி இரண்டு’ என்றுதான் தாளில் எழுதியிருக்கும். மூன்று நாள் படப்பிடிப்பு. நான் போகவில்லை. நான் வைக்கவேண்டிய கொள்ளியை அண்ணையே வைத்தார். சில மாதங்களுக்குப் பிறகு உறவுக்காரர் ஒருவர் அந்தப் படத்தை ஊருக்குக் கொண்டுபோய், பெருமையாகப் போட்டுக் காட்டியிருக்கிறார். எப்போது எடுத்தது என்று அண்ணை கேட்டாராம். அவர் சொன்னாராம். அண்ணை எழும்பி வெளியே போனவர்தான். அதன் பிறகு நான் போன் எடுத்தால் மச்சாள், அதாவது அண்ணையின் மனைவி, கதைப்பார். பின்னால் அண்ணை இருமுவது கேட்கும். அந்த இருமலைக் கேட்கத்தான் எடுப்பேன்.

சாவதற்குள் அவர் வாயால் என்னோடு ஒரு வார்த்தை கதைக்கவேண்டும். இதுதான் என் ஆசை. இது ஒன்றுதான் ஆசை என்றால் பொய். இன்னொன்றும் இருந்தது. சினிமாப் படம் ஒன்றில் முதன்முறையாக முக்கிய பாத்திரம் கேட்டு வந்திருந்தது. அறுபது தாண்டியவனுக்கு அப்படி ஒன்று இரண்டாம் தரம் வராது. தொடரில் என்னைச் சாகடித்து முடிக்கிறார்கள். அது முடிந்து சரியாகப் பதினைந்தாம் நாள், ஒரு வெள்ளிக்கிழமை, புதுப் படத்தின் ஒத்திகை. வராவிட்டால் இரண்டாவதாகத் தெரிவு செய்தவர் தயாராக இருக்கிறார் என்று முதலே சொல்லியிருந்தார்கள். இடையில் கிடைக்கிற இரண்டு வாரத்தில் ஊருக்குப் போய் அண்ணையின் முன்னால் நிற்பது என்று முடிவெடுத்தேன். ஒருவருக்கும் சொல்லவில்லை. சொன்னால் அவர் எங்கேயாவது போய்விடுவார்.

வடகடலில் ஒரு தீவில்தான் என் கடைசிச் சாவு எடுக்கப்பட்டது. மருந்துக்கடைக்காரர் மாரடைப்பில் போய்விடுகிறார், ஊரே வந்து அழுகிறது. கறுப்புக் கோட்டுச் சூட்டு, நெஞ்சில் கோர்த்த கைகள், சுற்றிலும் வெள்ளை அல்லிப்பூ. நான்கு மணித்தியாலம் படுத்திருந்தேன். ஒப்பனைக்காரப் பெண் என் போனிலேயே ஒரு படம் எடுத்துத் தந்தாள். சும்மா சொல்லக்கூடாது, அழகான பிணம். பதினான்கு வருட வேலை முடிந்த மிதப்பில் அந்தப் படத்தை அப்படியே என் முகநூலில் போட்டேன். ஒரு சொல்லும் எழுதவில்லை. நல்ல படத்துக்கு விளக்கம் எதற்கு என்று நினைத்தேன்.

அன்று பின்னேரம் திரும்பிவருகிற கப்பலில், கைப்பிடியில் சாய்ந்து அலையைப் பார்த்துக்கொண்டிருந்தபோது போன் சட்டைப்பையிலிருந்து நழுவிக் கடலுக்குள் போனது. எனக்குக் கவலையே வரவில்லை. புதிது வாங்கவும் இல்லை. மனைவி பிள்ளை இல்லாதவனை யார் தேடப்போகிறார்கள்?

கொழும்பில் இரண்டு நாள் படுத்து எழும்பி ரயிலில் ஏறினேன். ஆனையிறவு தாண்டும்போது இரண்டு பக்கமும் உப்பும் தண்ணீரும் வெயிலும் ஒன்றாகி, எது தரை எது வானம் என்று பிரிக்கமுடியாமல் இருந்தது. பனைகள் அந்தரத்தில் நின்றன. நித்திரையா விழிப்பா என்று தெரியாத ஒரு நிலையில் யாழ்ப்பாணத்தில் இறங்கி ஓட்டோ பிடித்தேன்.

ஓட்டோக்காரர் கண்ணாடியில் என்னைத் திரும்பத் திரும்பப் பார்த்தார்.

“ஐயா, உங்களை எங்கையோ பாத்தனான்.”

எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. பாருங்கள், இங்கேயும் என்னைத் தெரிகிறது. “ரீவியிலை பாத்திருப்பீர்” என்றேன், குரலைக் கொஞ்சம் தாழ்த்தி.

“இல்லை ஐயா. சந்தியிலை.”

சந்தியில்தான் இருந்தேன். இரண்டு மின்கம்பங்களுக்கு நடுவில், ஆளுயரப் பதாகையில், வெள்ளை மேலங்கி போட்டுச் சிரித்துக்கொண்டு. மேலே இரண்டு குத்துவிளக்கு. ‘கண்ணீர் அஞ்சலி.’ கீழே ‘ஜேர்மனியில் புகழ்பெற்ற திரைப்பட, தொலைக்காட்சி நடிகர், சண்டிலிப்பாய் ஈன்ற கலைமாணிக்கம்.’ நாற்பது வருடம் நடித்தேன், உயிரோடு இருக்கும்போது ஒருவரும் எனக்குப் பட்டம் தரவில்லை. முதலில் சிரிப்புத்தான் வந்தது. பிறகு அடியில் இருந்த எழுத்துக்களை வாசித்தேன். ‘மீளாத் துயரில் வாடும் அன்பு அண்ணன்.’ அதற்குப் பக்கத்தில் அண்ணையின் பெயர். இறங்கி நின்று அந்த வரியை நான் எத்தனை தரம் வாசித்தேன் என்று தெரியாது.

“ஐயாவின்ரை சகோதரமோ?” என்று ஓட்டோக்காரர் மெதுவாகக் கேட்டார்.

ஓம் என்றேன். அந்த நேரத்தில் அது பொய்யாகவும் படவில்லை.

ஒழுங்கைக்குள் நடந்தபோது கணவாய்க் கறி மணந்தது. வாசல் படலை திறந்திருந்தது. முற்றத்தில் கதிரைகள், பத்துப் பதினைந்து பேர். படலைக்குள் கால் வைத்த என்னை முதலில் கண்டது அண்ணையின் ஒரே மகள், என் பெறாமகள். பள்ளிக்கூடத்தில் படிப்பிக்கிறாள். வாழையிலைகளைத் தூக்கிக்கொண்டு வந்தவள் அப்படியே நின்றாள். அதிர்ச்சியில் அவளுக்குக் கத்தவும் வரவில்லை, சாதாரணக் குரலில்தான் சொன்னாள்.

“அம்மா, சித்தப்பா வந்து நிக்கிறார்.”

குசினிக்குள் இருந்து மச்சாளின் குரல் வந்தது. “எந்தச் சித்தப்பாடி?”

“செத்த சித்தப்பா.”

அதற்குப் பிறகு நடந்ததை எப்படிச் சொல்ல! மச்சாள் எட்டிப் பார்த்து, “ஐயோ என்ரை கடவுளே!” என்று கத்திக்கொண்டு நிலையோடு சாய்ந்துவிட்டார். கதிரைகள் விழுந்தன. பக்கத்து வீட்டுக் கிழவர் ஒருவர் மட்டும் எழும்பவில்லை. “பதறாதேங்கோ. கால் நிலத்திலை முட்டுதோ எண்டு பாருங்கோ” என்றார். எல்லோரும் என் காலைப் பார்த்தார்கள். நான் காற்சட்டையைத் தூக்கிச் சப்பாத்தைக் காட்டினேன்.

அன்று நான் செத்து எட்டாம் நாள். எட்டுச் செலவு. செத்தவருக்கு விருப்பமானதையெல்லாம் சமைத்து, படத்துக்கு முன்னால் படைத்து, அவரை வழியனுப்புகிற நாள். வீட்டுக்குள் விளக்குக்குப் பின்னால் மாலை போட்ட என் படம் தெரிந்தது. அதற்கு முன்னால் பாயில் இருந்த அண்ணை எழும்பி வந்தார். மீசை இல்லை. மீசை இல்லாத அண்ணையை நான் அவருடைய பதினெட்டு வயதுக்குப் பிறகு கண்டதில்லை. மேலுதடு வெளிறிப்போய், யாரோ ஒரு புது மனிதருடையதாக இருந்தது. எனக்காக வழித்திருக்கிறார் என்று விளங்க எனக்குக் கொஞ்ச நேரம் எடுத்தது.

அவர் கிட்ட வந்து வலது கையை என் நெஞ்சில் வைத்தார். நான் என்ன செய்தேன் தெரியுமா? இத்தனை பேர் என்னையே பார்த்துக்கொண்டு நின்றதில், பழக்கதோசத்தில் மூச்சை அடிவயிற்றுக்கு இறக்கிவிட்டேன். நெஞ்சு அசையவில்லை. அண்ணையின் கண்ணில் ஒரு பயம் வந்தது. “அண்ணை!” என்றேன், மூச்சும் குரலும் ஒன்றாக வெடித்து வந்தன. கையை எடுத்தார். பின்பக்கத்தால் கிணற்றடிக்குப் போனார். வாளி வாளியாக அள்ளித் தலையில் ஊற்றுகிற சத்தம் கனநேரம் கேட்டது. பிறகு ஈர வேட்டியோடு தோட்டத்துக்குப் போய்விட்டார். ஒரு வார்த்தை கதைக்கவில்லை.

படைத்த சாப்பாட்டை என்ன செய்வது என்று அடுத்த பிரச்சினை கிளம்பியது. காகத்துக்கு வைப்பதா, புதைப்பதா, உயிரோடு இருப்பவனுக்குப் படைத்ததைச் சாப்பிடலாமா? ஆளுக்கொரு நியாயம். அந்தக் கிழவர்தான் தீர்த்துவைத்தார். “உரித்துக்காரன் வந்து நிக்கிறான். அவனுக்கு வைச்சதை அவனே தின்னட்டும்.”

நான் என் படத்துக்கு முன்னால் சம்மணம் கட்டி இருந்து என் எட்டுச் செலவைச் சாப்பிட்டேன். முற்றத்தில் இருந்த எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கணவாய், நெத்தலிப் பொரியல், தேங்காய்ப்பால் விட்ட வெண்டிக்காய். பன்னிரண்டு வயதில் எனக்கு என்ன விருப்பமோ அதெல்லாம் இலையில் இருந்தது. கணவாய் வாங்க அண்ணை விடியக் குருநகருக்குப் போனவராம். இலைக்குப் பக்கத்தில் ஒரு பியர் ரின் இருந்தது.

“ஜேர்மனியிலை இருந்தவன், குடிச்சிருப்பான் எண்டு அப்பாதான் வாங்கினவர்” என்றாள் பெறாமகள்.

நான் பியர் குடிக்கிறவன் இல்லை. அன்று குடித்தேன்.

நடந்ததை அவள்தான் ஒழுங்காகச் சொன்னாள். முகநூலில் படத்தைக் கண்டவர்கள் அழுகுரலோடு போன் எடுத்திருக்கிறார்கள். என் எண்ணுக்கு எடுத்தால் வேலை செய்யவில்லை. ஜேர்மனியில் தெரிந்த தமிழர் வீடுகளுக்கெல்லாம் எடுத்திருக்கிறார்கள். “ஓம், நாங்களும் பாத்தனாங்கள், நல்ல மனுசன்” என்றார்களாம் எல்லோரும். எல்லோரும் பார்த்தது அதே படம்.

“என்ரை முகநூலிலை நான் செத்த படத்தை நானே போடுவனோ பிள்ளை?”

“வெளிநாட்டிலை செத்தால் பிள்ளையள்தானே சித்தப்பா தகப்பன்ரை முகநூலிலை போடுறவை.”

“எனக்குப் பிள்ளையள் இல்லையே.”

“அதைச் சொல்லித்தான் அப்பாவும் அழுதவர். ஆரோ ஒரு வெள்ளைக்காரப் பிள்ளை போட்டிருக்கு, அதுவாவது நல்லாயிருக்கோணும் எண்டு.”

அதற்குப் பிறகு வந்த நாட்கள் தூக்கத்தில் நடப்பவனுடைய நாட்களாகப் போயின. மாலை போட்ட படத்தை எடுப்பதா விடுவதா என்று ஒருவருக்கும் தெரியவில்லை, அது அப்படியே இருந்தது. மதியத்தில் நான் அதற்குக் கீழே பாய்போட்டுப் படுப்பேன். சூட்டில் கண் செருகும். பின்வளவில் தொங்கவிட்ட புகையிலைகள் காற்றுக்கு ஒன்றோடொன்று உரசுகிற சத்தம் தூரத்தில் ஒரு சனக்கூட்டம் கதைப்பதாகக் கேட்கும். நான் உண்மையில் அந்தத் தீவில் மாரடைப்பில் போய்விட்டேனோ, இதெல்லாம் அதற்குப் பிறகு வருகிற காட்சியோ என்றுகூட ஒரு மதியம் யோசித்தேன்.

சேதி பிந்திக் கிடைத்தவர்கள் துக்கம் விசாரிக்க வந்துகொண்டே இருந்தார்கள். உடுப்பிட்டியிலிருந்து என்னோடு படித்த ஒருவன் வந்தான். படலையைத் திறந்துவிட்டதே நான்தான். என்னைக் கண்டு, விறைத்து, கதையைக் கேட்டு, பிறகு கதிரையில் இருந்து ஓவென்று அழுதான். “எட, நான்தான் சாகேல்லையே” என்றேன். “ரெண்டு பஸ் மாறி அழவெண்டு வந்தனான். அழுதிட்டுத்தான் போவன்” என்றான். அழுது முடித்துத் தேத்தண்ணி குடித்துவிட்டுப் போனான்.

அண்ணை மட்டும் வாய் திறக்கவில்லை. விடிய எழும்பித் தோட்டத்துக்குப் போவார், நானும் பின்னால் போவேன். நான் வரம்பில் நிற்பேன், அவர் தண்ணீர் கட்டுவார். என்னைத் தாண்டிப் போகவேண்டி வந்தால் சுற்றிப் போவார். நான் சாப்பிட இருந்தால் அவர் எழும்புவார். செத்தவனுக்காக மீசை வழித்தவர் உயிரோடு இருக்கிறவனைப் பார்க்க மாட்டேன் என்கிறாரே என்று எனக்கு எரிச்சலாகவும் வந்தது. குசினி வாசலில் மச்சாளிடம் அதைக் கொட்டினேன்.

“தம்பி, நீங்கள் ஒண்டு தெரியாமல் கதைக்கிறியள்” என்றார் மச்சாள். வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தவர் கத்தியை வைத்துவிட்டார். “சேதி வந்த அண்டைக்கு உந்த மனுசன் என்ன செய்தவர் தெரியுமே? பாஸ்போட் எடுக்க எங்கை போகோணும் எண்டு கேட்டவர். வவுனியாவைத் தாண்டிப் போகாத மனுசன். அங்கை அவனுக்குக் கொள்ளி வைக்க ஆள் இல்லை, நான் போகோணும் எண்டு சட்டையைப் போட்டுக்கொண்டு வெளிக்கிட்டு நிண்டவர். விசா எடுக்க மாசக்கணக்காகும் எண்டு மகள் சொல்லச் சொல்லக் கேக்கேல்லை. பிறகு அந்தச் சட்டையோடையே இருந்து அழுதவர். உங்கடை அம்மாவின்ரை செத்தவீட்டிலையும் அவர் அழேல்லை.”

கடவுச்சீட்டை மேசை இலாச்சியில் வைத்துக்கொண்டு, தாயின் சாவுக்குப் போகாமல் இருந்தவன் நான். வெட்கமாக இருந்தது. எழும்பிப் போய்ப் பின்வளவில் நின்று அழுதேன். அழுகிற காட்சிகளில் எனக்கு எப்போதும் நல்ல பெயர். இது அப்படி வரவில்லை. மூக்கால் வழிந்து, விக்கல் எடுத்து, பார்க்கச் சகிக்காத அழுகை.

செவ்வாய்க்கிழமை வந்துவிட்டது. புதன் விடிய நான் கொழும்புக்கு வெளிக்கிட்டால்தான் வெள்ளிக்கிழமை ஒத்திகைக்கு நிற்கலாம். அன்று பின்னேரம் அண்ணை ஏணியைத் தோளில் போட்டுக்கொண்டு ஒழுங்கையால் நடந்தார். பெறாமகள் கத்தியோடு பின்னால் போனாள். நானும் போனேன். பதாகை கழற்றுகிறார்கள் என்று சந்திக்கு வந்த பிறகுதான் விளங்கியது. அண்ணை ஏணியைக் கம்பத்தில் சாத்தினார், நாலு படி ஏறினார். ஏணி ஆடியது. திரும்பிப் பார்க்காமல் சொன்னார்.

“ஏணியைப் பிடி.”

மகளுக்குச் சொன்னதாக நினைத்து அவளைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்த்தாள். பாய்ந்து போய்ப் பிடித்தேன். இருபது வருடத்துக்கு மேல் காத்திருந்த வார்த்தை இதுதான். நான் பிடித்த பிடியில் ஏணி இன்னும் ஆடியது.

ஒரு பக்கக் கயிறு அறுந்தது. நான் பாதியாக மடிந்து தொங்கினேன், வெள்ளை மேலங்கியோடு. அண்ணை மேலேயே நின்றார். கயிற்றைப் பார்த்துக்கொண்டு கேட்டார்.

“நான் செத்தால் வருவியோ?”

அவருக்கு ஆண்பிள்ளை இல்லை. அவருக்குக் கொள்ளி வைக்க உரித்துள்ளவன் நான்தான்.

“வருவன் அண்ணை” என்றேன்.

நன்றாகச் சொன்னேன். அதுதான் வினை. சொல்லுக்கு முன்னால் அளவான ஒரு நிறுத்தம், தாழ்ந்த குரல், கடைசியில் ஒரு சின்ன உடைவு. என் காதுக்கே அது நடிப்பாகக் கேட்டது.

“உப்பிடித்தான் அம்மாவுக்கும் சொன்னனீ” என்றார் அண்ணை.

ஒரு விசயத்தை நான் உங்களுக்குச் சொல்லாமல் தாண்டி வந்துவிட்டேன். அம்மா ஆஸ்பத்திரியில் கிடந்தபோது ஒருநாள் போனில் அவரோடு கதைத்தேன். “வாறியோ மோனை?” என்று கேட்டார். “வாறன் அம்மா. நாளைக்கு ஏறுவன்” என்றேன். அப்போது படப்பிடிப்புத் தாள் என் முன்னால் மேசையில் கிடந்தது. போவதில்லை என்று முதல்நாளே தீர்மானித்திருந்தேன். அந்தக் குரல் அம்மாவுக்கு ஆறுதலாக இருக்கும் என்று நினைத்தேன், அப்படித்தான் எனக்கு நானே சொல்லிவந்தேன். அம்மாவின் காதில் போனைப் பிடித்துக்கொண்டு நின்றது அண்ணை.

“வாறன் எண்டு சொன்னவன் வருவான் எண்டு அம்மாவை ரெண்டு நாள் வைச்சிருந்தனான்” என்றார். “ஊர்ச்சனம் எடு எடு எண்டு நிண்டது. நான் எடுக்கவிடேல்லை. ஐஸ் கட்டி வாங்கி வாங்கி வைச்சனான்.”

இது எனக்குத் தெரியாது. இத்தனை வருடத்தில் ஒருவரும் எனக்கு இதைச் சொல்லவில்லை. ஏணியைப் பிடித்தபடி தலையைக் குனிந்துகொண்டு நின்றேன்.

“நான் இப்ப என்னத்தைச் சொல்ல அண்ணை?”

“ஒண்டும் சொல்லாதை.” மற்றக் கயிற்றையும் அறுத்தார். பதாகை புழுதியில் விழுந்தது. இறங்கி வந்து வேட்டியைத் தட்டினார். “ஞாயிற்றுக்கிழமை சித்திராப் பறுவம். அம்மாவுக்கு நீ ஒரு பறுவமும் பிடிக்கேல்லை.”

தாயை இழந்த பிள்ளைகள் விரதம் இருக்கிற நாள். இருபதுக்கு மேற்பட்ட பறுவங்களை அண்ணை தனியே பிடித்திருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை இங்கே நின்றால் வெள்ளிக்கிழமை அங்கே நிற்கமுடியாது. எனக்கு வேறு கணக்குப் பார்க்கத் தெரியவில்லை. பெறாமகளிடம் போனைக் கேட்டேன். முகவரின் எண் மனப்பாடம். அங்கே மதியநேரம், உடனே எடுத்தாள். அந்தப் படத்துக்கு என்னால் வரமுடியாது, இரண்டாவது ஆளைக் கூப்பிடச் சொல் என்றேன். உனக்கு என்ன பைத்தியமா, என்ன நடந்தது என்று கத்தினாள். அம்மா செத்துவிட்டார் என்றேன். அவள், உன் அம்மா செத்து எத்தனையோ வருடமாயிற்றே, இப்போது என்ன அவசரம் என்று கேட்டாள். நான் மிகவும் பிந்திவிட்டேன் என்றேன்.

எல்லாம் ஜேர்மன் மொழியில். அண்ணைக்கு ஒரு சொல்லும் விளங்கியிராது. ஆனால் கதைத்து முடியும்வரை அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். முகத்தை என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை. அது தன்பாட்டில் என்னவோ செய்துகொண்டிருந்தது.

“என்ன சொன்னனீ?” என்று கேட்டார்.

“வரமாட்டன் எண்டு சொன்னனான்.”

அவர் இன்னும் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு மகளின் பக்கம் திரும்பினார்.

“கொம்மாட்டைச் சொல்லு பிள்ளை, ஞாயிற்றுக்கிழமை ரெண்டு பேர் விரதம் எண்டு.”